தண்டவாளத்திற்கு உருவம் தந்த கம்பெனித் தலைவர்

தண்டவாளம் ஒன்றைக் குறுக்கே அறுத்து, அறுத்த முகத்தை நோக்கினால் மூன்று பகுதிகள் தென்படும். மேலே சக்கரம் உருளுவதற்கேற்ற பருத்த தலை. கீழே கட்டையின்மீது படிந்து நிற்கும் அகன்ற, தட்டையான அடி. இவ்விரண்டையும் இணைக்கும் ஒடுங்கிய இடை. இதைவிட எளிய உருவம் இருக்க முடியாதென்றும், இருப்புப் பாதை தோன்றிய நாளிலேயே இதுவும் தோன்றியிருக்க வேண்டுமென்றும் எவருக்கும் எண்ணத் தோன்றும். உண்மை அவ்வாறன்று. நீராவி எஞ்சின்கள் இங்கிலாந்தில் ஓடத் தொடங்கிப் பல ஆண்டுகள் சென்ற பின்னரும் இத்தகைய தண்டவாளம் எந்தப் பாதையிலும் இடப்பட்டதில்லை. அதை முதன்முதலாக வரைந்து, உருட்டச் செய்து, தம் கம்பெனியின் பாதையில் பதித்தவர் ராபர்ட் லிவிங்ஸ்டன் ஸ்டீவன்ஸ் என்ற அமெரிக்கர். அவர் இரும்பு ஆலை நடத்தியவரல்லர். கல்லூரியில் எந்திரக்கலை பயின்றவருமல்லர். புதிதாகத் தொடங்கப்பெற்ற ஓர் இருப்புப் பாதைக் கம்பெனியின் தலைவராகவும், அதே சமயத்தில் அதன் தலைமை எஞ்சினீயராகவும் விளங்கியவர். தண்டவாளம் வாங்குவதற்காகக் கப்பலேறியவர் அதைப் படைத்துவிட்டுத் திரும்பினார்.

நீராவியில் வளர்ந்த குடும்பம்

ராபர்ட் ஸ்டீவன்ஸ் 1787-ஆம் ஆண்டு அக்டோபர் 18-ஆம் நாள் பிறந்தார். ஹட்சன் ஆற்றின் மேற்குக் கரையில், நியூயார்க் நகருக்கு நேரெதிரே, நியூ ஜெர்சி மாநிலத்தைச் சேர்ந்த ஹோபோக்கனில் அவருடைய குடும்பத்தின் நிலம் இருந்தது. தந்தையார் கர்னல் ஜான் ஸ்டீவன்ஸ் பெருநிலக்கிழார். ஆயினும் நிலத்தின் வருவாயைக் காட்டிலும் நீராவியின் ஆற்றலே அவருடைய மனத்தைக் கவர்ந்தது. 1804-ஆம் ஆண்டில் இரட்டைத் திருகு உந்திகளால் இயங்கிய சிறு படகு ஒன்றை அவர் ஹட்சன் ஆற்றில் ஓட்டினார். அப்போது பதினேழு வயதை எட்டிக்கொண்டிருந்த ராபர்ட் அந்தப் பணியில் தந்தைக்குத் துணைநின்றார். ராபர்ட்டுக்கு வாய்த்த பள்ளிக்கூடம் தந்தையாரின் பட்டறைதான் எனலாம்.

ஐந்து ஆண்டுகளுக்குப் பின் அப்பட்டறைக்கு ஒரு பெருஞ்சோதனை ஏற்பட்டது. நியூயார்க் நீர்ப்பரப்பில் நீராவிப் படகு செலுத்தும் ஏகபோக உரிமை ராபர்ட் பல்டனிடமும் அவருடைய கூட்டாளி ராபர்ட் லிவிங்ஸ்டனிடமும் இருந்தது. லிவிங்ஸ்டன் வேறு யாருமல்லர். கர்னல் ஸ்டீவன்ஸின் தங்கையை மணந்தவர். ராபர்ட்டின் பெயரில் இடம்பெற்றிருப்பதும் அவர் குடும்பத்தின் பெயரே. உறவு இருந்தும் உரிமை கிடைக்கவில்லை. ஸ்டீவன்ஸ் குடும்பத்தார் கட்டிய 'பீனிக்ஸ்' என்ற நீராவிக் கப்பலுக்கு ஹட்சனில் இடமில்லாது போயிற்று. எனவே 1809-ஆம் ஆண்டு ஜூன் மாதத்தில் அதைக் கடல் வழியாகப் பிலடெல்பியாவுக்குக் கொண்டுசெல்லத் துணிந்தனர். கப்பலில் ராபர்ட்டும் சென்றார். கடலில் நீராவியால் சென்ற முதற்பயணம் என்று வரலாற்றில் இடம்பெற்றது அதுவே. ஏகபோக உரிமையால் துரத்தப்பட்ட இதே குடும்பம் பின்னாளில் தானே ஓர் ஏகபோக உரிமையைப் பெற்று முப்பது ஆண்டுகளுக்கு மேல் காத்துநின்றது என்பது மேலே விளங்கும்.

கர்னல் ஸ்டீவன்ஸின் சிந்தனை நீரோடு நிற்கவில்லை. ஈரி ஏரிக்குக் கால்வாய் வெட்டுவது பற்றி நியூயார்க் மாநிலம் ஆலோசித்துக்கொண்டிருந்த 1812-ஆம் ஆண்டில், கால்வாயைவிட இருப்புப் பாதையும் நீராவி வண்டியுமே சிறந்தவை என்று வாதாடி அவர் ஒரு சிறு நூலை வெளியிட்டார். அந்நாளில் உலகில் எங்கும் பொதுமக்கள் நீராவி வண்டியில் பயணம் செய்யும் பாதை ஒன்றுகூட இல்லை. செலவையும் அபாயத்தையும் காரணமாகக் காட்டிப் பெரியோர்கள் அவருடைய யோசனையை ஒதுக்கினார்கள். மைத்துனர் லிவிங்ஸ்டனும் அவர்களுள் ஒருவர். 1815-இல் நியூ ஜெர்சி சட்டசபை அவருக்கு இருப்புப் பாதை அமைக்கும் சாசனம் வழங்கிற்று. அமெரிக்காவில் அளிக்கப்பட்ட முதல் இருப்புப் பாதைச் சாசனம் அதுவே. எனினும் பணம் போட எவரும் முன்வரவில்லை. 1825-இல், எழுபத்தைந்து வயதைக் கடந்த நிலையில், கர்னல் ஸ்டீவன்ஸ் ஹோபோக்கனில் தம் தோட்டத்திலேயே வட்டமான பாதை ஒன்றை அமைத்து, சிறிய நீராவி வண்டியை அதில் ஓட்டிக் காட்டினார். தந்தையின் வாதத்தை மெய்ப்பிக்கும் பொறுப்பு மக்களைச் சேர்ந்தது.

1830-ஆம் ஆண்டு பிப்ரவரி மாதத்தில் காம்டன்–ஆம்பாய் இருப்புப் பாதைக் கம்பெனிக்குச் சாசனம் கிடைத்தது. நியூயார்க், பிலடெல்பியா ஆகிய இரு பெருநகரங்களுக்கிடையே நியூ ஜெர்சி மாநிலம் கிடக்கின்றது. நியூயார்க்கிலிருந்து படகில் தெற்கு ஆம்பாய் துறைக்கு வந்து, அங்கிருந்து மாநிலத்தைக் குறுக்காகக் கடந்து, டெலாவேர் ஆற்றங்கரையில் பிலடெல்பியாவுக்கு எதிரே உள்ள காம்டனை அடைவது திட்டம். மொத்தம் சுமார் 61 மைல். ராபர்ட் தலைவரும் தலைமை எஞ்சினீயரும் ஆனார். தம்பி எட்வின் பொருளாளரானார்.

கப்பலில் செதுக்கிய மரத்துண்டு

அவ்வாண்டு அக்டோபரில் ராபர்ட் இங்கிலாந்துக்குப் பயணமானார். தண்டவாளமும் ஓர் எஞ்சினும் வாங்கி வருவதே நோக்கம். அவர் முன்னிருந்த சிக்கலை அறிவதற்கு அக்காலத்துத் தண்டவாளங்களின் இயல்பைத் தெரிந்துகொள்ள வேண்டும்.

அமெரிக்காவில் அப்போது வழக்கில் இருந்தது நீண்ட மர உத்திரத்தின்மீது அறையப்பட்ட மெல்லிய பட்டை இரும்பு. மலிவானதே, ஆனால் சக்கரங்கள் ஏறியிறங்க ஏறியிறங்க ஆணிகள் தளர்ந்து பட்டையின் முனை மேல்நோக்கிச் சுருண்டது. சில வேளைகளில் அது ஓடும் வண்டியின் அடிப்பலகையைத் துளைத்துக்கொண்டு பயணிகளிடையே புகுந்தது. 'பாம்புத் தலை' என்று அதற்குப் பெயரிட்டு அஞ்சினார்கள். இங்கிலாந்திலோ உருட்டிய இரும்பாலான கனத்த தண்டவாளங்கள் இருந்தன. அவை அடி அகலமின்றித் தலைப்பாரமாக இருந்தமையால் தாமாக நிமிர்ந்து நிற்கமாட்டா. 'சேர்' எனப்படும் வார்ப்பிரும்புத் தாங்கி ஒன்றை மூன்றடிக்கு ஒன்றாகக் கற்பாளங்களில் பொருத்தி, அதன் வாயில் தண்டவாளத்தைச் செருகி, ஆப்பு அறைந்து இறுக்க வேண்டும். ஒரு மைலுக்கு ஆயிரக்கணக்கான தாங்கிகள் தேவை. இரும்பு ஆலைகளும் கைதேர்ந்த கொல்லர்களும் மலிந்த இங்கிலாந்துக்கு அது பொருந்தும். இரும்பு அருமையாகவும் கூலி உயர்வாகவும் இருந்த அமெரிக்காவுக்குப் பொருந்தாது. மரம் மட்டும் அங்கே எல்லையின்றிக் கிடைத்தது.

கடற்பயணத்தில் பொழுது நிறைய இருந்தது. மரத்துண்டுகளைக் கத்தியால் செதுக்கிச் செதுக்கித் தண்டவாளத்தின் குறுக்கு வெட்டு எவ்வாறு இருக்கலாம் என்று ராபர்ட் ஆராய்ந்தார். தாங்கியை அறவே நீக்கவேண்டுமானால் தண்டவாளம் தானே நிற்கவேண்டும். தானே நிற்கவேண்டுமானால் அதற்குப் பாதம் வேண்டும். அவருடைய விடை இவ்வளவே. தலைகீழாக நிறுத்திய 'டி' என்ற ஆங்கில எழுத்தைப்போல் அடி விரிந்து, இடை ஒடுங்கி, மேலே தலை பருத்த உருவம் அப்பயணத்தில் உருவாயிற்று. அடியைக் கட்டையோடு இறுக்குவதற்குக் கொக்கிபோல் வளைந்த தலையுடைய ஆணி ஒன்றையும், இரு தண்டவாளங்களின் முனைகளைச் சேர்த்துப் பிணைப்பதற்கு இரும்புத் தகட்டையும், திருகாணிகளையும் அவரே வகுத்தார். அவ்வாணியின் வழிவந்ததையே இந்திய இருப்புப் பாதைத் தொழிலாளர் 'டாக் ஸ்பைக்' என்று அழைத்தனர். அத்தகட்டின் வளர்ந்த உருவமே 'பிஷ் பிளேட்'.

செலவைக் குறைக்கப் பிறந்த இவ்வுருவம் எந்திரவியல் நோக்கிலும் மிகச் சிறந்தது என்பது கவனிக்கத்தக்கது. இரண்டு கட்டைகளுக்கு இடையே தொங்கும் தண்டவாளத்தின்மீது சக்கரம் வந்து நிற்கும்போது அது சிறிது வளைகின்றது. வளையும்போது மேற்பகுதி நெருக்கப்படுகின்றது, அடிப்பகுதி இழுக்கப்படுகின்றது, நடுவில் உள்ள இரும்போ ஏறக்குறைய எவ்வித முயற்சியும் இன்றிச் சும்மா இருக்கின்றது. ஆகவே இரும்பை நடுவில் குறைத்து மேலும் கீழும் குவித்தால், அதே எடையில் பன்மடங்கு விறைப்பு கிட்டும். அகன்ற அடி வளைவை எதிர்ப்பதோடு பாரத்தை மரத்தின்மீது பரப்பவும், பக்கவாட்டுத் தள்ளுதலால் தண்டவாளம் கவிழாதபடி தடுக்கவும் உதவுகின்றது.

உருவம் கிடைத்தது, உருட்டித் தருவார்தாம் இல்லை. 1830 நவம்பரில் லிவர்ப்பூலிலிருந்து ஆலை முதலாளிகளுக்கு வரைபடத்துடன் கடிதங்கள் எழுதி, 500 முதல் 600 டன் வரை வேண்டுமென்று விலை கேட்டார். இத்தகைய உருவை உருட்டினால் தங்கள் உருளைகள் உடைந்துவிடும் என்று அவர்கள் அஞ்சியதில் வியப்பில்லை. காய்ச்சிய இரும்பு உருளைகளின் பள்ளங்களினூடே செல்லும்போது, மெல்லிய அடி விரைவாகவும் பருத்த தலை தாமதமாகவும் குளிர்கின்றன. சமமின்றிக் குளிரும் இரும்பு பாம்புபோல் நெளிந்துவிடும். முடிவில் தெற்கு வேல்ஸிலுள்ள டௌலைஸ் இரும்பு ஆலையின் அதிபர் ஜான் கெஸ்ட் சம்மதித்தார். ஆலைக்குச் சேதம் விளையின் ஈடு செய்வதற்கென ராபர்ட் ஒரு பெருந்தொகையைப் பிணையாக வைக்க வேண்டியதாயிற்று. முதலில் வெளிவந்தவை கோணலாகவே வந்தன. நிமிர்த்தும் வழிகள் கண்டறியப்பட்ட பின்னரே வேலை சீர்ப்பட்டது.

1831-ஆம் ஆண்டு மே 16-ஆம் நாள் 'சார்லமேன்' என்ற கப்பலில் முதற் சரக்கு பிலடெல்பியாவை அடைந்தது. ஒவ்வொன்றும் 18 அடி நீளமுள்ள 550 தண்டவாளங்கள். எடை கஜத்திற்கு 36 பவுண்டு. இன்றைய அளவில் மீட்டருக்கு 18 கிலோகிராம் என்று சொல்லலாம். கணக்கிட்டுப் பார்த்தால் அவ்வளவும் ஒரு மைல் ஒற்றைப் பாதைக்குக்கூடப் போதாது. பின்னர் வந்தவை கஜத்திற்கு 42 பவுண்டு எடை உள்ளவை. அமெரிக்க ஆலை ஒன்று இத்தகைய தண்டவாளத்தைத் தானே உருட்டுவதற்கு 1845-ஆம் ஆண்டு வரையில், பென்சில்வேனியாவின் டான்வில் நகரில் அது நிகழும் வரையில், காத்திருக்க வேண்டியதாயிற்று.

கல் வரத் தாமதம்

தண்டவாளம் புதிது, அதைத் தாங்கும் அடித்தளமோ பழைய முறையிலேயே திட்டமிடப்பட்டது. நியூயார்க் மாநிலத்துச் சிங் சிங் சிறைச்சாலையில் கைதிகள் உடைத்துத் தரும் கற்பாளங்களை வரிசையாகப் பதித்து, அவற்றில் துளையிட்டு மரச்செருகல் அடைத்து, அதில் ஆணியறைந்து தண்டவாளத்தை நிறுத்துவது என்பது ஏற்பாடு. கல்தான் நிலையானது, மரம் மக்கிப்போகும் என்பது அந்நாளைய எஞ்சினீயர்களின் பொதுக் கருத்து.

ஆனால் சிறையிலிருந்து கற்கள் குறித்த காலத்தில் வந்து சேரவில்லை. வேலையை நிறுத்திவைக்க மனமில்லாத ராபர்ட், கற்கள் வரும் வரையில் தற்காலிகமாக மரக்கட்டைகளைப் பாதைக்குக் குறுக்காக இட்டு அவற்றின்மீது தண்டவாளத்தைப் பொருத்தும்படி உத்தரவிட்டார். கட்டைகளின் கீழும் இடையிலும் உடைகற்கள் நிரப்பப்பட்டன. பின்னர் வண்டி ஓடியபோது, கல் பதித்த பகுதியைவிட மரக்கட்டை இட்ட பகுதியே நன்றாக இருப்பது தெரியவந்தது.

காரணம் கடினமானதன்று. கற்பாளங்கள் தனித்தனியே நிற்பவை. இடப்பக்கத்துக் கல்லுக்கும் வலப்பக்கத்துக் கல்லுக்கும் எவ்விதப் பிணைப்பும் இல்லை. பனிக்காலத்தில் மண்ணிலுள்ள நீர் உறைந்து விரியும்போது ஒரு கல் எழும்பும், மற்றொன்று சாயும். தண்டவாளங்களுக்கிடையே உள்ள அகலம் மாறும். சக்கரம் தடம் புரளும். குறுக்குக் கட்டையோ இரண்டு தண்டவாளங்களையும் ஒரே உடலாகப் பிணைத்துவிடுகின்றது. அன்றியும் கல்லின் விறைப்பால் ஒவ்வோர் அதிர்ச்சியும் எஞ்சினின் அச்சுக்கும் கம்பிகளுக்கும் முழுமையாகத் திரும்பி வந்து தாக்கியது. மரமும் அதன்கீழ்ப் பரப்பிய உடைகல்லும் சிறிது அமுங்கி எழுந்து அவ்வதிர்ச்சியை விழுங்கின. உடைகல்லினூடே மழைநீர் வடிந்தும் போயிற்று.

குறுக்குக் கட்டையை முதலில் எண்ணியவர் ராபர்ட்தான் என்று கொள்ளுதல் பொருந்தாது. வேறிடங்களிலும் அது சிறுபான்மை வழக்கில் இருந்தது. தட்டையடித் தண்டவாளம், கொக்கித் தலை ஆணி, குறுக்குக் கட்டை, உடைகற் படுகை ஆகிய நான்கும் ஒரே பாதையில் ஒன்று சேர்ந்து ஓர் அமைப்பாக நின்றதுதான் காம்டன்–ஆம்பாய் பாதையின் சிறப்பு. இதை வெறும் தற்செயல் என்று தள்ளுவதும் நியாயமன்று. கற்கள் வரத் தாமதமானது தற்செயல். தற்காலிக ஏற்பாடு திட்டத்தைவிட மேலானது என்று கண்டவுடன் திட்டத்தையே கைவிட்டது தற்செயலன்று. எஞ்சினீயரும் பணம் செலவிடும் அதிகாரம் உடையவரும் ஒருவரே ஆனபடியால் அம்முடிவு விரைவில் கைகூடியது.

பெட்டிகளில் வந்த எஞ்சின்

இங்கிலாந்தில் இருந்தபோது ராபர்ட், நியூகாசிலைச் சேர்ந்த ராபர்ட் ஸ்டீவன்சன் கம்பெனியின் 'பிளானட்' எஞ்சின் ஓடுவதைப் பார்த்து, அவர்களிடமே தம் கம்பெனிக்கு ஓர் எஞ்சின் செய்யப் பணித்திருந்தார். சுமார் பத்து டன் எடையுள்ள அந்த எஞ்சின் பகுதி பகுதியாகப் பிரிக்கப்பட்டுக் கப்பலேறி, 1831 ஆகஸ்டு மாதத்தில் பிலடெல்பியா வந்து, அங்கிருந்து படகில் பார்டன்டவுன் என்னும் ஊருக்குச் சேர்ந்தது. அதை இணைக்கும் பொறுப்பு ஐசக் டிரிப்ஸ் என்ற இளைஞரிடம் ஒப்படைக்கப்பட்டது. நீராவிப் படகுகளில் வேலை கற்றவர். வயது ஏறக்குறைய இருபத்தொன்று. அதுவரையில் ஒரு நீராவி வண்டியைக் கண்ணாலும் கண்டவரல்லர். பெட்டிகளுடன் வரைபடமும் வரவில்லை. எந்தத் துண்டு எங்கே பொருந்தும் என்று தாமே ஆராய்ந்து, பதினைந்து நாட்களுக்குள் எஞ்சினை முழுமைப்படுத்தினார். நீரும் விறகும் கொண்டுசெல்லும் துணைவண்டி இல்லை. ஊரிலிருந்த விஸ்கிப் பீப்பாய் ஒன்றை ஒரு தட்டுவண்டியில் ஏற்றி நீர்த்தொட்டியாக்கினார். எஞ்சினுக்கும் தொட்டிக்கும் இடையே நீர் செல்வதற்கான தோல் குழாயைச் செருப்புத் தைப்பவர் ஒருவர் தைத்துக் கொடுத்தார்.

செப்டம்பர் 15-ஆம் நாள் எஞ்சின் இயங்கியது. நவம்பர் 12-ஆம் நாள் நியூ ஜெர்சி சட்டசபை உறுப்பினர்களை ஏற்றிக்கொண்டு வெள்ளோட்டம் நடந்தது. பார்டன்டவுனில் அக்காலத்தில் நெப்போலியனின் தமையன் ஜோசப் போனபார்ட் குடியிருந்தார். நெப்போலியனின் சகோதரி மகனான மூரா இளவரசரும் அன்று வண்டியில் ஏறினார். சட்டசபை உறுப்பினர்களை மகிழ்விப்பதில் கம்பெனிக்கு இருந்த அக்கறை வீண்போகவில்லை என்பது அடுத்த ஆண்டில் தெரிந்தது.

இங்கிலாந்தின் நேரான, உறுதியான பாதைகளுக்கென அமைந்த எஞ்சின் அமெரிக்காவின் கடும் வளைவுகளில் தடம் புரண்டது. முன் அச்சைப் பின் அச்சோடு இணைத்திருந்த கம்பிகளை ராபர்ட்டும் டிரிப்ஸும் கழற்றினார்கள். எஞ்சினுக்கு முன்னால் இரண்டு சிறு சக்கரங்கள் பூட்டிய சட்டம் ஒன்றை நீட்டினார்கள். வளைவை முதலில் அச்சிறு சக்கரங்கள் உணர்ந்து, பருத்த எஞ்சினை அதன் வழியே இழுத்துச் சென்றன. அச்சட்டத்தின் முனையிலேயே பாதையில் குறுக்கிடும் கால்நடைகளை ஒதுக்கித்தள்ளும் அமைப்பும் வந்தது. மணி, விளக்கு, ஓட்டுநருக்குக் கூரை என்று ஒவ்வொன்றாகச் சேர்ந்து, அமெரிக்க எஞ்சினுக்கெனத் தனித்தோற்றம் உண்டாயிற்று. 'ஜான் புல்' என்னும் பெயரால் அறியப்பட்ட இந்த எஞ்சின் பின்னர் வாஷிங்டனிலுள்ள ஸ்மித்சோனியன் காட்சிச்சாலையை அடைந்தது. 1981-ஆம் ஆண்டு செப்டம்பர் 15-ஆம் நாள், தன் நூற்றைம்பதாவது ஆண்டு நிறைவில், மீண்டும் தன் சொந்த நீராவியால் ஓடிக் காட்டிற்று.

உரிமையும் உயிர்களும்

1833-இல் நீராவி வண்டிகள் முறையாக ஓடத் தொடங்கின. அவ்வாண்டு நவம்பர் 8-ஆம் நாள், ஹைட்ஸ்டவுன் என்ற ஊருக்கருகே வண்டியொன்றின் அச்சு சூடேறி ஒடிந்து, பெட்டி கவிழ்ந்தது. இருவர் இறந்தனர், பலர் காயமுற்றனர். அமெரிக்காவில் நீராவி வண்டிப் பயணிகள் விபத்தில் உயிரிழந்த முதல் நிகழ்ச்சி இதுவென்பர். அன்று அவ்வண்டியில் சென்ற முன்னாள் குடியரசுத் தலைவர் ஜான் குவின்சி ஆடம்ஸ் காயமின்றித் தப்பித் தம் நாட்குறிப்பில் அந்தக் காட்சியைப் பதிவு செய்தார். கடுங்காயம் அடைந்தவர்களுள் ஒருவர் நீராவிப் படகு வணிகர் கார்னீலியஸ் வாண்டர்பில்ட். இருப்புப் பாதையை வெறுத்து ஒதுங்கிய அவரே முதுமையில் நியூயார்க் சென்ட்ரல் பாதையின் அதிபராகி, அந்நாட்டின் மாபெரும் செல்வரானார்.

இதற்கிடையில் கம்பெனி மற்றொரு துறையிலும் முன்னேறியிருந்தது. போட்டியாக எழக்கூடிய டெலாவேர்–ராரிட்டன் கால்வாய்க் கம்பெனியோடு 1831-இல் அது இணைந்துகொண்டது. 1832-இல் சட்டசபை நிறைவேற்றிய சட்டத்தின்படி, கம்பெனியின் சம்மதமின்றி நியூயார்க்குக்கும் பிலடெல்பியாவுக்கும் இடையே வேறெவரும் இருப்புப் பாதை அமைக்க இயலாது. கைம்மாறாகக் கம்பெனி மாநில அரசுக்குப் பங்குகளை அளித்தது. மாநிலத்தைக் கடந்து செல்லும் பயணிக்கும் சரக்குக்கும் கடவு வரி செலுத்தியது. வரிச்சுமை பெரும்பாலும் வெளி மாநிலத்தார் தலையில் விழுந்தமையால் நியூ ஜெர்சி மக்களுக்கு அது கசக்கவில்லை. மாநிலத்தின் வருவாயும் கம்பெனியின் லாபமும் ஒன்றோடொன்று பின்னிக்கிடந்தபடியால், 'காம்டன்–ஆம்பாய் மாநிலம்' என்றே பிறர் நியூ ஜெர்சியை ஏளனம் செய்தனர்.

இந்த ஏற்பாட்டுக்கு ஆதரவாகச் சொல்லத்தக்கதும் உண்டு. தோல்வி அடையக்கூடிய புதுத்தொழிலில் பணத்தை முடக்கியவர்கள் ஓரளவு பாதுகாப்பை நாடுவது இயல்பு. 1815-இன் சாசனம் பணமின்றி வீணானதை ஸ்டீவன்ஸ் குடும்பம் மறந்திருக்க முடியாது. ஆனால் போட்டி இல்லாத இடத்தில் திருத்தத்தின் வேகமும் குறைகின்றது. உலகிற்கே புதிய தண்டவாளம் தந்த பாதை, இரு பெருநகரங்களின் போக்குவரத்து பெருகிய பின்னரும் பெரும்பகுதி ஒற்றைப் பாதையாகவே இருந்துவந்தது. எதிரெதிரே வரும் வண்டிகள் ஒன்றுக்கொன்று காத்திருந்தும், காத்திருந்து சலித்தபின் மெல்ல முன்னேறியும், எதிர்வண்டி தென்பட்டால் பின்வாங்கியும் ஓடின.

1855-ஆம் ஆண்டு ஆகஸ்டு 29-ஆம் நாள் பர்லிங்டன் என்ற ஊருக்கருகே இம்முறைக்கு விலை கொடுக்க நேர்ந்தது. எதிரே வந்த வண்டியைக் கண்டு பின்னோக்கி விரைந்த ரெயிலின் கடைசிப் பெட்டி, பாதையைக் கடந்துகொண்டிருந்த குதிரை வண்டியில் மோதித் தடம் புரண்டது. பின்வந்த பெட்டிகள் அதன்மீது ஏறி நொறுங்கின. இருபதுக்கு மேற்பட்டோர் மாண்டனர். இரட்டைப் பாதை இருந்திருந்தால் வண்டி பின்வாங்க வேண்டிய அவசியமே நேர்ந்திராது என்ற கண்டனம் நாடெங்கும் எழுந்தது. கம்பெனியின் சார்பில் பதில்கள் அச்சிடப்பட்டன. அவற்றால் ஆறுதல் அடைந்தவர் சிலரே. ஏகபோக உரிமை 1869 வரை நீடித்தது. 1871-இல் பென்சில்வேனியா இருப்புப் பாதைக் கம்பெனி முழுப் பாதையையும் குத்தகைக்கு எடுத்துக்கொண்டது.

ராபர்ட்டின் பிற்கால முயற்சிகள் பெரும்பாலும் மீண்டும் நீர்மேலே சென்றன. இரும்புக் கவசம் பூண்ட போர்க்கப்பல் ஒன்றைக் கட்ட அமெரிக்கப் பேரவை 1842-இல் அவருக்கு அனுமதி அளித்தது. கவசத்தின் கனத்தை அவர் நிர்ணயிக்கும்போதெல்லாம் அதைத் துளைக்கவல்ல பீரங்கி வேறொருவரால் செய்யப்பட்டது. திட்டத்தை மாற்றி மாற்றி வரைந்ததில் ஆண்டுகள் கழிந்தன. கப்பல் முற்றுப்பெறாத நிலையில் 1856-ஆம் ஆண்டு ஏப்ரல் 20-ஆம் நாள் அவர் ஹோபோக்கனில் காலமானார். கப்பல் பிறகும் முடிவுறாமல், கடைசியில் பழைய இரும்பாக விற்கப்பட்டது. தம்பி எட்வினின் உயிலால் 1870-இல் தோன்றிய ஸ்டீவன்ஸ் தொழில்நுட்பக் கல்லூரி ஹோபோக்கனில் நிலைபெற்றுள்ளது.

தண்டவாளத்தின் பயணம்

தண்டவாளமோ அதைப் படைத்தவரின் பெயரைத் துறந்துவிட்டு உலகைச் சுற்றி வந்தது. இங்கிலாந்தின் சார்லஸ் விக்னோல்ஸ் என்ற எஞ்சினீயர் 1830-களின் பிற்பகுதியில் தட்டையடித் தண்டவாளத்தைப் பரப்ப முற்பட்டமையால், ஐரோப்பாக் கண்டத்தில் அது விக்னோல்ஸ் தண்டவாளம் என்றே பெயர் பெற்றது. விந்தை என்னவெனில், அது முதலில் உருட்டப்பட்ட பிரிட்டனே அதை நெடுங்காலம் ஏற்கவில்லை. மேலும் கீழும் ஒரே அளவு தலையுடைய இரட்டைத் தலைத் தண்டவாளத்தை ஜோசப் லாக் என்ற எஞ்சினீயர் அங்கே புகுத்தினார். மேல்தலை தேய்ந்தபின் புரட்டிப் போட்டு மறுமுறை உபயோகிக்கலாம் என்பது அவர் எண்ணம். ஆனால் கீழ்த்தலை தாங்கியில் இடைவிடாது இடிபட்டுப் பள்ளம் விழுந்தமையால் அந்தச் சிக்கனம் ஏட்டளவில் நின்றது. பிரிட்டிஷ் எஞ்சினீயர்கள் அமைத்த இந்தியாவின் தொடக்ககாலப் பாதைகள் பலவற்றிலும் இரட்டைத் தலைத் தண்டவாளங்களே தாங்கிகளில் செருகப்பட்டிருந்தன. அவை படிப்படியாக மாற்றப்பட்டன. இந்திய இருப்புப் பாதைகளின் முக்கியத் தடங்களில் இப்போது காணப்படுபவை மீட்டருக்கு 52 கிலோகிராமும் 60 கிலோகிராமும் எடையுள்ள தட்டையடி எஃகுத் தண்டவாளங்கள். எடை மும்மடங்கு ஏறிவிட்டது. தேனிரும்பின் இடத்தை எஃகு பிடித்துக்கொண்டது. நீளம் பன்மடங்காகி, முனைகள் பற்றவைக்கப்படுகின்றன. தலையும் இடையும் அடியும் அவ்வாறே உள்ளன.

கட்டையின் கதை சற்று வேறுவிதமாகத் திரும்பியுள்ளது. காடுகள் அருகியதாலும், விரைவு வண்டிகளின் பாரம் கூடியதாலும், மரக்கட்டையின் இடத்தில் முன்தகைப்புக் கான்கிரீட் கட்டைகள் வந்துவிட்டன. சிங் சிங் சிறையிலிருந்து வராமற்போன கல் வேறு வடிவில் வந்து சேர்ந்துவிட்டது போலும். எனினும் இம்முறை கல் தனித்து நிற்கவில்லை. இரு தண்டவாளங்களையும் பிணைத்துக் குறுக்கே கிடக்கின்றது. மரம் தந்த இளக்கத்தை அதற்குத் தருவதற்காகத் தண்டவாளத்தின் அடியில் ரப்பர்த் தகடு வைக்கப்படுகின்றது. கொக்கித் தலை ஆணிக்குப் பதிலாக வளைந்த வில் எஃகுக் கொக்கி ஒன்று அகன்ற அடியின் விளிம்பை அழுத்திப் பிடித்துக்கொள்கின்றது.